மச்சான்ரை அரை மணித்தியாலம்

பிள்ளை, உம்மட கையில என்ன நேரம்?

ஒன்பது மணியோ. நல்லது. சோறு வைக்க முதல் இந்த பஸ் வவுனியா போயிடும். நான் மணிக்கூடு கட்டிறேல்லை. பக்கத்தில இருக்கிற ஆக்களைக் கேக்கிறதுதான் வழக்கம். கேட்டா அப்பிடியே ஒரு கதையும் தொடங்கும். பாரும், தொடங்கிட்டுது.

கொஞ்சம் மெல்லமாக் கதைப்பம். முன் சீற்றில, யன்னல் பக்கம், மொட்டந்தலையைக் கண்ணாடியில சாய்ச்சுக்கொண்டு ஒருத்தர் நித்திரை கொள்ளுறார், தெரியுதே? மடியில துணிப்பை. பைக்குள்ள நேற்றையான் மோதகம். அவர் விசுவலிங்கம். என்ரை தங்கச்சி மனோன்மணியின்ரை மனிசன், எனக்கு மச்சான். வவுனியாவில ஸ்டேசன் மாஸ்ரரா இருந்து பென்சன் எடுத்தவர். அவருக்குப் பக்கத்தில சீற் வெறுமையாத்தான் கிடக்கு. நான் போய் இருக்கேல்லை. அவரோட நான் கோவம்.

என்ன கோவமெண்டு நீர் கேக்கேல்லை. கனடாப் பிள்ளையள் கேக்கமாட்டினம், மரியாதையாம். நானே சொல்லுறன். நேற்று மத்தியானம், என்ரை வீட்டில, வாழையிலையில இருந்து எழும்பாமலே அந்த மனிசன் என்னட்டைத் தோத்திட்டார். பதிமூண்டு வரியமா நடந்த சண்டை. ஒரு வார்த்தையில தோல்வியை ஒத்துக்கொண்டிட்டு மோர் குடிக்கிறார்! நான் வெண்டிட்டன். அதுதான் எனக்குக் கோவம்.

சிரிக்காதையும். முதலில இருந்து சொன்னாத்தான் விளங்கும்.

உங்கட ஊரில கோடைக்கு ஒரு நேரம், பனிக்கு ஒரு நேரம் எண்டு மாத்திறவையாம். அதுக்கு ஆரும் சொந்தக்காரரோட கோவிக்கிறேல்லையோ? இல்லையோ? குடுத்து வைச்ச சனம். இஞ்சையும் தொண்ணூற்றாறில அரசாங்கம் மணிக்கூட்டை முன்னுக்குத் தள்ளினது. கரண்டை மிச்சம் பிடிக்கவாம். முதல் ஒரு மணித்தியாலம் தள்ளி, பிறகு மனம் கேளாமல் அரையைத் திருப்பித் தந்தவை. மிச்சம் அரை மணித்தியாலம் நிண்டுது. வன்னிக்குள்ள எங்களிட்டைக் கரண்டே இல்லை, நாங்கள் எதை மிச்சம் பிடிக்கிறது? இயக்கமும் மாத்தேல்லை, நாங்களும் மாத்தேல்லை. அப்ப வவுனியாவில பத்தெண்டா கிளிநொச்சியில ஒன்பதரை. அவையின்ரை புது நேரம், எங்கட பழைய நேரம். ஒரு சின்னத் தீவு, பிள்ளை. அதுக்குள்ள ரெண்டு நேரம்.

நான் முரசுமோட்டைக் கூட்டுறவுச் சங்கக்கடையில மனேஜர். மச்சான் அங்கால அரசாங்கத்தின்ரை ஸ்டேசன் மாஸ்ரர். அவருக்கு நேரமெண்டா சாமி மாதிரி. றெயில் அரை மணித்தியாலம் பிந்தி வந்தாலும் பிழை றெயிலிலதான், மணிக்கூட்டில இல்லை எண்டு நிக்கிற ஆள். எனக்கும் பிடிவாதம் குறைவில்லை. அரிசி நிறுக்கிற தராசை ஒருத்தன் வந்து கூட்டி வைக்கச் சொன்னா வைப்பனோ? நேரமும் அப்பிடித்தானே?

சமாதான காலம் வந்துது. ரோட்டைத் திறந்தாங்கள். உடன தங்கச்சி வந்து என்ரை மகள் கௌசலாவைத் தன்ரை மகன் தவரூபனுக்குக் கேட்டாள். முறை மச்சான் மச்சாள், சின்னனில இருந்து தெரிஞ்ச பொடியன். எனக்குச் சந்தோசம். கலியாணம் முரசுமோட்டையில, என்ரை வளவுக்குள்ள. அழைப்பிதழில முகூர்த்தம் ஒன்பது நாப்பதில இருந்து பத்து இருபது எண்டு அடிச்சன். எந்த நேரமெண்டு அடிக்கேல்லை. ஏன் அடிக்க வேணும்? பஞ்சாங்கம் பழைய நேரம், கோயில் பழைய நேரம், மாடு பால் தாறது பழைய நேரம். ஊரில இருக்கிறது ஒரு நேரம்தானே!

எட்டரைக்கு மாப்பிள்ளையை வரச்சொல்லியிருந்தனான். ஸ்டேசன் மாஸ்ரரெல்லோ, தன்ரை மணிக்கூட்டில எட்டரைக்கு ரெண்டு வான் நிறையச் சனத்தோட வந்து இறங்கிட்டார். எங்களுக்கு எட்டு மணி. மேளகாரர் தேத்தண்ணி குடிக்கினம். பொம்பிளைக்குத் தலை பின்னி முடியேல்லை. நான் கிணத்தடியில நிக்கிறன், தலை முழுக்கச் சோப்பு, கண்ணைத் திறக்கேலாது. "மச்சான், மாப்பிள்ளையை வாசலில நிக்க வைச்சிட்டு நீங்கள் குளிக்கிறியளோ?" எண்டு ஒரு சத்தம். சோப்போட நான் சொன்னன், "ஆர் உங்களை அரை மணித்தியாலம் முந்தி வரச்சொன்னது?" எண்டு. தொடங்கிட்டுது.

வந்த சனம் சாப்பிடாமல் நிக்குது, நாங்கள் ரெண்டு பேரும் கிணத்தடியில நேரத்துக்கு வழக்காடுறம். தன்ரை ஒன்பது நாப்பதுக்குத் தாலி ஏறாட்டி வானைத் திருப்புவன் எண்டு அவர் நிக்கிறார். என்ரை ஒன்பது நாப்பதுக்கு முதல் தாலியில கைவைக்க விடன் எண்டு நான். ஐயருக்கு விசர் பிடிக்கப் பாத்துது. எப்பவாவது ரெண்டு பேரும் சேந்து ஒரு நேரம் சொல்லுங்கோ, மந்திரம் என்னட்டைக் கிடக்கு எண்டார்.

அப்பதான் ரூபன் எழும்பி வந்தான். மணவறையில இருக்க வேண்டிய மாப்பிள்ளை, பட்டு வேட்டியோட கிணத்தடிக்கு வாறான். வந்து ரெண்டு கையையும் நீட்டினான். பிள்ளை, ரெண்டு கையிலயும் மணிக்கூடு! இடக்கையில எங்கட நேரம், வலக்கையில தகப்பன்ரை நேரம். "மாமா, அப்பா, ரெண்டு பேரும் வடிவாப் பாருங்கோ. அப்பான்ரை முகூர்த்தம் முடிய முதல் மாமான்ரை முகூர்த்தம் தொடங்குது. ரெண்டுக்கும் பொதுவா ஒரு பத்து நிமிசம் கிடக்கு. அதுக்குள்ள கட்டுறன்" எண்டான்.

அந்தப் பத்து நிமிசத்துக்குள்ள கட்டினான். எனக்கு ஒன்பதே முக்கால், மச்சானுக்குப் பத்தே கால். இந்த நாட்டில ரெண்டு பக்கமும் ஒத்துக்கொண்ட ஒரே ஒரு நேரம் அதுதான் எண்டு ஐயர் சாப்பிடேக்க சொன்னார். அவர் பகிடிக்காரர்.

ரூபன் எங்களோடயே தங்கிட்டான். கிளிநொச்சிப் பள்ளிக்கூடத்தில கணக்கு வாத்தி. ஒவ்வொரு மாசமும் தகப்பனைப் பாக்க வவுனியா போவான். அப்பவும் ரெண்டு மணிக்கூடுதான். புளியங்குளம் எங்கட பக்கத்துக் கடைசிச் சோதனை, ஓமந்தை ஆமியின்ரை. நடுவில கிடந்த ரோட்டு ஒருத்தருக்கும் சொந்தமில்லை. "அதுக்குள்ள நிக்கேக்க என்ன நேரமடா?" எண்டு நான் ஒருக்காக் கேட்டன். "அதுக்குள்ள நேரமே இல்லை மாமா, அதால களைக்காமல் போகலாம்" எண்டான். அந்த ரோட்டுத்தான் இப்ப வரப்போகுது. வரேக்க காட்டுறன். பாக்க ஒண்டுமில்லை, பத்தைதான்.

ரெண்டாயிரத்தாறு சித்திரையில என்ன நடந்தது தெரியுமே? தெரியாது. நீர் அப்ப பால்ப்பல்லோட திரிஞ்சிருப்பீர். அரசாங்கம் மணிக்கூட்டை அரை மணித்தியாலம் திருப்பினது! பழைய நேரத்துக்கு! எங்கட நேரத்துக்கு! ஆயிரம் காரணம் சொன்னவை. எனக்கு ஒரு காரணமும் தேவைப்படேல்லை. சங்கக்கடைக்கு வந்த சனத்துக்கெல்லாம் கற்கண்டு குடுத்தன். பிள்ளை, நாங்கள் காணி விட்டம், வீடு விட்டம், என்னென்னவோ விட்டம், அது உலகத்துக்கே தெரியும். ஆனா இண்டைக்குப் போய்ப் பாரும், கொழும்புக் கோட்டை ஸ்டேசனில தொங்கிற மணிக்கூடு என்ன நேரம் காட்டுது? முரசுமோட்டைச் சங்கக்கடை நேரம். அந்தச் சண்டையில வெண்டது ஆர்? ஒருத்தரும் எழுதேல்லை. நான் சொல்லாட்டி உமக்கும் தெரியாமல் போயிருக்கும்.

அண்டைக்குப் பின்னேரம் ரூபன் தன்ரை வலக்கை மணிக்கூட்டைக் கழட்டி என்னட்டைத் தந்தான். "மாமா, இது அப்பான்ரை நேரம். தோத்த நேரம். நீங்களே வைச்சிருங்கோ" எண்டான். நான் அதைத் திருத்தவே இல்லை. எதிரியிட்டைப் பிடிச்ச துவக்கை ஆரும் திருத்துவினமோ? அது அரை மணித்தியாலம் முந்தியே ஓடினது. ஆரும் நேரம் கேட்டா அதில பாத்து, அரை மணித்தியாலம் கழிச்சுச் சொல்லுவன். மச்சானுக்கும் இது தெரியும். தெரிய வேணுமெண்டுதான் ரூபனிட்டைச் சொல்லி விட்டனான். மனிசன் மூண்டு மாசம் என்னோட கதைக்கேல்லை.

இந்தக் கழிக்கிற கதையை மறந்திடாதையும். இனி அதுதான் விசயம்.

பிறகு சண்டை வந்துது. மற்றச் சண்டை. அதை நான் நீட்டேல்லை. முரசுமோட்டையில இருந்து வெளிக்கிட்டம், போனம், போனம், கடல் வந்துது, பிறகு போக இடமில்லை. என்ரை மனிசி செத்ததும் அங்கைதான். பேத்தி ஆரணிக்குப் பால்மா இல்லை. நான் என்ரை கையில கிடந்த மணிக்கூட்டைக் குடுத்து ஒரு பால்மாப் பெட்டி வாங்கினன். மச்சான்ரை நேரத்தைக் கரைச்சுத்தான் அவற்றை பேத்தி குடிச்சாள். அதை அவருக்குச் சொல்ல எனக்கு இன்னும் வாய் வரேல்லை, பகிடியெண்டாலும்.

அதுக்குப் பிறகு ஒரு கிழமை. ஆரணிக்குப் பிறந்தநாள் முடிஞ்சு அடுத்த நாள். ரூபன் கஞ்சி வாங்கப் போனான். ஷெல் விழுந்தது. அவ்வளவுதான், பிள்ளை.

தண்ணி குடியும். என்னட்டை மோதகம் இல்லை, பை அவற்றை மடியில கிடக்கு.

அதுக்குப் பிறகு எங்களைச் செட்டிகுளத்து முகாமில வைச்சிருந்தவை. சுத்திவரக் கம்பி. ஒருநாள் என்ரை பேரைக் கூப்பிட்டினம், பாக்க ஆள் வந்திருக்கு எண்டு. போனா, கம்பிக்கு அங்கால மச்சான். வெள்ளைச் சேட்டு, குடை. காவலுக்கு நிண்ட ஆமிக்காரப் பெடியன் அரை மணித்தியாலம் எண்டு கையால காட்டினான். சிரிப்பு வந்துது எனக்கு. உலகத்தில வேற அளவே இல்லையோ?

ரூபன்ரை செய்தி அவருக்கு முதலே போயிட்டுது. எப்பிடி நடந்தது எண்டு கேப்பார், எங்கை வைச்சனியள் எண்டு கேப்பார் எண்டு நான் மறுமொழி தேடிக்கொண்டு நிண்டன். அவர் கேட்டது, "மச்சான், எத்தனை மணிக்கு?"

நாள் தெரியும், திதி தெரியாது. அண்டைக்குப் பஞ்சாங்கத்தில காலமை சரியாப் பத்து மணிக்கு நவமி முடிஞ்சு தசமி தொடங்குது. மணி தெரியாமல் பிள்ளைக்குத் திவசம் எப்பிடிச் செய்யிறது? ஒரு பஞ்சாங்கம் அவற்றை கக்கத்துக்குள்ள. வேற ஒரு தகப்பன் எண்டா அழுவார். இவர் ஸ்டேசன் மாஸ்ரர். வராத றெயிலுக்கும் ஒரு நேரம் எழுதி வைச்சுப் பழகின மனிசன். நேரம் இல்லாமல் அவரால அந்தக் கம்பியடியை விட்டுப் போகேலாது.

எனக்கு எங்கை நேரம் தெரியும்? அங்கை விடிஞ்சதும் தெரியாது, பொழுது பட்டதும் தெரியாது. ஆனா அந்த முகத்தைப் பாத்துக்கொண்டு தெரியாது எண்டு சொல்ல ஏலுமோ? என்ரை வாயில தன்பாட்டில வந்துது, "பத்தே கால்" எண்டு. சொன்ன பிறகுதான் யோசிச்சன். அது அவற்றை மணிக்கூட்டில தாலி ஏறின நேரம்.

அவர் என்ரை கையைப் பாத்தார். மணிக்கூடு கட்டின இடம் மட்டும் வெள்ளையாக் கிடந்தது, மற்றதெல்லாம் வெயிலில கறுத்துப் போச்சு. நான் கையைப் பின்னால வைச்சன். நல்ல காலம், மனிசன் கவனிக்கேல்லை. பஞ்சாங்கத்தை விரிச்சுக்கொண்டு, "பத்தே கால்… மணிக்கூட்டில பாத்தபடியோ, கழிச்சுச் சொன்னதோ?" எண்டார்.

பாத்தீரே! மணிக்கூட்டில பத்தே கால் எண்டா உண்மையில ஒன்பதே முக்கால், அப்ப நவமி. கழிச்சுப் பத்தே கால் எண்டா தசமி. "பாத்தபடிதான். நவமி" எண்டன் நான். "நீங்கள் எப்பவும் கழிச்சுத்தானே சொல்லுறனீங்கள், தசமி" எண்டார் அவர். "அந்த நேரத்தில ஆர் கழிக்கிறது?" "பழக்கம் விடுமோ?" அவர் குடையால கம்பியில தட்டுறார். நான் கத்துறன். கிணத்தடியில நிண்ட மாதிரி. அந்த அரை மணித்தியாலமும் அரை மணித்தியாலத்துக்குச் சண்டை பிடிச்சே முடிச்சம். காவலுக்கு நிண்ட பெடியனுக்குத் தமிழ் தெரியாது, காணிச் சண்டையெண்டு நினைச்சிருப்பான். போகேக்க மச்சான் திரும்பிப் பாத்து, "தசமிதான்" எண்டார். அண்டைக்கு இரவு நான் முகாமில முதல்முதலா நித்திரை கொண்டன்.

பிறகென்ன? ஒவ்வொரு வரியமும் ரெண்டு திவசம். நவமிக்கு என்ரை வீட்டில. அவர் வவுனியாவில இருந்து வந்து, சாப்பிட்டு, "பிழையான நாளில நல்ல சாப்பாடு" எண்டு குத்திப்போட்டு அண்டிரவு தங்குவார். விடிய ரெண்டு பேரும் இந்த பஸ்ஸில வவுனியா. தசமிக்கு அங்கை. கௌசலா இப்ப அங்கைதான், மாமிக்காரியோட. நான் சாப்பிட்டு, "ஒருநாள் பழசு" எண்டு சொல்லுவன். ரூபனுக்கு ரெண்டு நாளும் பருப்பும் கத்தரிக்காயும். ரெண்டு பக்கத்தையும் அவன்தானே பாத்து நடந்தவன், ரெண்டு பக்கமும் சாப்பிடட்டும்.

இப்பிடி ஒழுங்காப் போய்க்கொண்டிருந்த சண்டை, பிள்ளை! நேற்று மனிசன் மோரைக் குடிச்சுப்போட்டுச் சொல்லுறார்: "மச்சான், யோசிச்சுப் பாத்தன். நீங்கள் சொன்னதுதான் சரி. நவமிதான். எனக்கும் முழங்கால் ஏலாது. வாற வரியம் ஒரு நாளே காணும்."

எனக்குச் சோறு இறங்கேல்லை. ஆர் கேட்டது உங்களை விட்டுத்தரச் சொல்லி? உள்ளதைச் சொல்லுறன். மற்ற நாளில ரூபன்ரை பேரைச் சொல்ல எங்கள் ரெண்டு பேருக்கும் தெம்பில்லை. பேர் வந்தா அவர் பேப்பரைத் தூக்குவார், நான் மாட்டைப் பாக்கப் போவன். சண்டை பிடிக்கேக்க மட்டும்தான் "ரூபன் ரூபன்" எண்டு வாய்விட்டுச் சொல்லுவம். சண்டை முடிஞ்சா அவனும் முடிஞ்சான். நான் ஏற்கெனவே தோத்ததெல்லாம் காணும், இதில வெல்ல எனக்கு விருப்பமில்லை.

அதால வவுனியா போக முதல் இதைத் திருப்ப வேணும். எப்பிடியெண்டு யோசிச்சுக்கொண்டு வாறன். உமக்கு ஏதும்…

ஆ, புளியங்குளம். நான் சொன்ன ரோட்டு இதுதான். பாரும், பத்தை.

மச்சான்! எழும்பியாச்சே? இல்லை, இந்தப் பிள்ளையோட சும்மா கதைச்சுக்கொண்டு வாறன்… என்ன? நித்திரை கொள்ளேல்லையோ? எல்லாம் கேட்டுக்கொண்டோ இருந்தனீங்கள்? எதில இருந்து? சோப்பில இருந்தோ!

அப்ப பால்மாவும்…

சரி. கேட்டது கேட்டதுதான். இப்ப நான் சொல்லுறதையும் கேளுங்கோ. ராத்திரி முழுக்க யோசிச்சன். அண்டைக்கு நான் கழிச்சுத்தான் சொன்னனான். பழக்கம் விடாது எண்டு நீங்கள் சொன்னது சரி. கழிச்சுப் பத்தே கால். தசமி! வாற வரியம் முரசுமோட்டையில ஒண்டுமில்லை, வவுனியாவில மட்டும் வையுங்கோ, நான் வாறன்.

என்ன சொல்லுறியள்? பஸ் இரையுது, கேக்கேல்லை. உரத்து!

"அண்டைக்குக் கம்பியடியிலேயே உங்கட வெறுங்கையைக் கண்டனான், இல்லாத மணிக்கூட்டில எப்பிடிக் கழிக்கிறது" எண்டோ?

பிள்ளை, கேட்டீரே? மனிசன் அண்டைக்கே கண்டிருக்கிறார்! பதிமூண்டு வரியம் ஒரு வார்த்தை சொல்லாமல்! அந்த வெள்ளை அடையாளத்தைக் கண்டுபோட்டுத்தான் கழிச்சதோ எண்டு கேட்டவர்…

பொறும், எனக்குக் கண்ணுக்குள்ள தூசி. இந்த பஸ்ஸில கண்ணாடி ஒண்டும் பூட்டேலாது.

என்ன மச்சான்? மணிக்கூடு இல்லையெண்டா கழிக்கேலாது, கழிக்காட்டி நவமியோ? விசர்க்கதை கதையாதேங்கோ! மனசுக்குள்ள ஒரு மணிக்கூடு ஓடாதோ மனிசனுக்கு? ரூபனுக்குத் தசமி! என்னது? ரூபன்ரை தகப்பன் ஆரோ? தகப்பன் நீங்கள்தான், ஆனா கூட நிண்டது நான்! சங்கக்கடைக்காரனுக்குத் திதி தெரியாதோ? சொல்லுங்கோ பாப்பம், இன்னொருக்காச் சொல்லுங்கோ! நவமியும் வேண்டாம், தசமியும் வேண்டாம் எண்டு விட ஏலாது, ரெண்டையும் வைச்சுத்தான் தீர்க்க வேணும். ஓம், முழங்காலுக்கு எண்ணெய் நான் கொண்டுவாறன்!

பிள்ளை, காலைக் கொஞ்சம் எடும், நான் முன்னுக்குப் போறன். இதை இஞ்சை இருந்து கத்தித் தீராது. நீரும் வவுனியாவில இறங்கி எங்களோட வாரும், சாப்பிட்டிட்டுப் போகலாம். சரியான நாள் ஆருக்குத் தெரியும், சாப்பாடு நல்லாயிருக்கும்.

தள்ளி இருங்கோ மச்சான். அந்தப் பையை இஞ்சால தாங்கோ. வவுனியாவுக்கு இன்னும் அரை மணித்தியாலம் கிடக்கு.